சுதந்திரத்துக்கு 70, சமத்துவத்துக்கு 65: விழுமியங்களுக்கு மார்க் போடுற ஆப், ஒரு ரிவ்யூ

ரெண்டு நல்ல விஷயம் ஒண்ணோட ஒண்ணு முட்டிக்கிட்டு நிக்கிறப்ப எதை எடுக்குறது எதை விடுறதுன்னு முழிக்கிறவங்களுக்காகவே ஒரு ஆப் சுத்திட்டு இருக்கு. உண்மையா விசுவாசமா, தனிமனுஷ சுதந்திரமா எல்லாரோட பாதுகாப்பா, தகுதியா தேவையா, எந்த சிக்கலை உள்ள போட்டாலும் ரெண்டு பக்கத்துக்கும் மார்க் போட்டு "இதைப் பண்ணுங்க"ன்னு சொல்லிடும். நல்லா புழங்கிப் பாத்துட்டு தான் எழுதுறேன். பேர் போடல, ஏன்னா இதே மாதிரி ஸ்லைடர் வச்ச ஆப் நிறைய வருது, நான் சொல்ற குறை முக்கால்வாசி எல்லாத்துக்குமே பொருந்தும். அஞ்சுக்கு ரெண்டரை ஸ்டார். அந்த ரெண்டரையும் மார்க் போடுற பகுதிக்கு இல்ல, அதுக்கு முன்னாடி அது கேக்குற கேள்விகளுக்கு.

எப்படி வேலை செய்யுதுன்னா, முதல்ல பன்னெண்டு விழுமியம் வரிசையா வரும், சுதந்திரம், சமத்துவம், நியாயம், உண்மை, விசுவாசம், இரக்கம், பாதுகாப்புன்னு போகும். ஒவ்வொண்ணுக்கும் 0லேர்ந்து 100 வரைக்கும் ஒரு ஸ்லைடர், அது உங்களுக்கு எவ்வளவு முக்கியமோ அவ்வளவு தள்ளி வச்சுக்கணும். அப்புறம் உங்க சிக்கலை டைப் பண்ணி, முன்னாடி இருக்குற ரெண்டு வழியையும் எழுதி, எந்த வழி எந்த விழுமியத்தை எவ்வளவு காப்பாத்துது எவ்வளவு கெடுக்குதுன்னு தொட்டுக் காட்டினா, ஆப் பெருக்கிக் கூட்டி ரெண்டு நம்பர் குடுக்கும். பெரிய நம்பர் பக்கத்துல ஒரு பச்சை டிக். அவ்வளவு தான்.

"உலகத்துலயே முதல்முறை"ன்னு முகப்புல போட்டிருக்காங்க, அதை படிச்சப்ப சிரிப்பு தான் வந்துச்சு. 1772ல பெஞ்சமின் ஃப்ராங்க்ளின், தன் நண்பர் ஜோசஃப் பிரீஸ்ட்லிக்கு எழுதின கடிதத்துல இதே வேலைய காகிதத்துல சொல்லி இருக்காரு. ஒரு தாளை நடுவுல கோடு போட்டு பிரிச்சு, ஒரு பக்கம் சாதகம் ஒரு பக்கம் பாதகம் எழுது, மூணு நாலு நாள் தோணத் தோண சேத்துக்கிட்டே இரு, அப்புறம் எடை சமமா இருக்குறதை எதிரெதிரா அடிச்சிட்டே வா, மிச்சம் எந்தப் பக்கம் நிக்குதோ அது தான் உன் முடிவுன்னு. ஆனா அதே கடிதத்துல அவரு, காரணங்களோட எடைய கணக்குப்பாடம் மாதிரி துல்லியமா அளக்க முடியாதுன்னும் சேத்தே சொல்லிட்டாரு, அந்த ஒரு வரி தான் இந்த ஆப்ல காணோம். ஆங்கிலத் தத்துவவாதி பெந்தம் 1789ல இன்பத்தை அளக்க ஏழு அளவுகோல் குடுத்தாரு, எவ்வளவு தீவிரம், எவ்வளவு நேரம், எவ்வளவு நிச்சயம், எத்தனை பேருக்குப் போய் சேருதுன்னு. ஆனா பெந்தம்கிட்ட ஒரு நேர்மை இருந்துச்சு, எல்லாத்தையும் அளந்து கூட்டலாம் ஏன்னா கடைசில எல்லாமே இன்ப துன்பம் தான்னு அவரு வெளிப்படையா சொன்னாரு, அதை நீங்க ஏத்துக்கலாம் ஏத்துக்காம போலாம். இந்த ஆப் பன்னெண்டு விழுமியம் தனித்தனின்னு சொல்லிட்டு கடைசில அத்தனையையும் ஒரே அலகுல கூட்டிடுது, அந்த அலகு என்னன்னு மட்டும் எங்கயும் சொல்ல மாட்டேங்குது. கஷ்டமே அங்க தான் இருக்கு.

முதல்ல நல்லதை சொல்லிடுறேன். ஸ்கோருக்கு முன்னாடி "இந்த விழுமியத்தை நீங்க எந்த அர்த்தத்துல சொல்றீங்க"ன்னு ஒரு பக்கம் வருது, பல பேர் தாண்டிப் போயிடுவாங்க, ஏன்னா ஸ்கிப் பட்டன் பெருசா இருக்கு. தாண்டாதீங்க. அங்க உக்காந்து எழுத ஆரம்பிச்சா தான், நாம சுதந்திரம்னு ஒரே பேர்ல சொல்றது உண்மையில ரெண்டு மூணு வேற வேற விஷயம்னு தெரிய வரும். தத்துவவாதி ஐசயா பெர்லின் 1958ல ஆக்ஸ்ஃபோர்டுல பேசின உரைல இதைத் தான் பிரிச்சுக் காட்டினாரு, என் வழில யாரும் குறுக்க நிக்காம இருக்குறது ஒரு சுதந்திரம், என் வாழ்க்கைக்கு நானே எஜமானா இருக்குறது இன்னொரு சுதந்திரம். யாரும் என்னை தடுக்கல, ஆனா படிப்பும் இல்ல கையில எதுவும் இல்லன்னா முதல் அர்த்தத்துல நான் சுதந்திரமா இருக்கேன், ரெண்டாவது அர்த்தத்துல இல்லவே இல்ல. அதே சமயம் "உன் நிஜமான நன்மை உன்னை விட எனக்குத் தான் தெரியும்"னு ரெண்டாவது அர்த்தத்தை பிடிச்சுக்கிட்டு ஒரு ஆட்சி மக்களை மிதிக்கவும் முடியும்னு தான் பெர்லின் பயந்தாரு, அவரு பயத்துக்கு காரணமும் இருந்துச்சு, 1917ல பெட்ரோகிராடுல சின்னப் பையனா இருந்தப்பவே ஒரு கூட்டம் ஒரு போலீஸ்காரரை இழுத்துட்டு போனதை கண்ணால பாத்தவரு. இவ்வளவு சண்டை ஒரு சொல்லுக்குள்ளயே இருக்கு, ஆப்ல அதுக்கு ஒரே ஒரு ஸ்லைடர்.

நியாயம்ங்கிற ஸ்லைடர் இன்னும் மோசம். அமர்த்தியா சென் சொன்ன புல்லாங்குழல் கதை நிறைய பேருக்குத் தெரியும், மூணு பிள்ளைங்க, ஒரு புல்லாங்குழல், ஒருத்திக்கு தான் வாசிக்கத் தெரியும், ஒருத்தன்கிட்ட விளையாட வேற ஒண்ணுமே இல்ல, ஒருத்தி தான் அதை செஞ்சா. மூணுமே நியாயத்தோட பேர்ல தான் கேக்குது. நியாயத்துக்கு 90 வச்சா என்ன 100 வச்சா என்ன, குழல் யாருக்குன்னு அந்த நம்பர் சொல்லாது.

இது கதைல மட்டும் இல்ல, கம்ப்யூட்டர் அல்காரிதத்துலயும் வந்து நின்னுருக்கு. அமெரிக்காவுல கைதானவங்க மறுபடி குற்றம் செய்வாங்களான்னு ஸ்கோர் போடுற காம்பஸ்னு ஒரு மென்பொருள், 2016ல புரோபப்ளிக்கா பத்திரிகையாளர்கள் ஃப்ளோரிடாவுல ஒரு கவுன்ட்டியோட தரவை எடுத்துப் பாத்தாங்க. மறுபடி குற்றமே செய்யாதவங்கள்ல, கறுப்பினத்தவங்களை தப்பா "அதிக ஆபத்து"ன்னு முத்திரை குத்தின விகிதம் வெள்ளையர்களை விட கிட்டத்தட்ட ரெண்டு மடங்கு. கம்பெனிக்காரங்க பதில், எங்க ஸ்கோர் 7ன்னா யாரா இருந்தாலும் அதுக்கு ஒரே நிகழ்தகவு தான், இதுல எங்க பாரபட்சம்னு. அதுக்கப்புறம் கணித ஆளுங்க உக்காந்து நிரூபிச்சது என்னன்னா, ரெண்டு குழுவுல அடிப்படை விகிதமே (நூத்துக்கு எத்தனை பேர் மறுபடி குற்றம் செய்றாங்கங்கிறது) வேற வேறயா இருந்து, கணிப்பும் நூத்துக்கு நூறு சரியா இல்லாத பட்சத்துல, இந்த ரெண்டு விதமான நியாயத்தையும் ஒரே நேரத்துல முழுசா கொண்டு வரவே முடியாது. யாரோ சோம்பேறித்தனமா கோட் எழுதினதால வந்த பிரச்சனை இல்ல இது, நியாயமே நியாயத்தோட மோதுது. அப்படி இருக்க இந்த ஆப் நியாயம்னு ஒரு கோடு போட்டு என் விரலை அதுல இழுக்கச் சொல்லுது.

சரி, ஆப்லயே இருக்குற மாடல் கேஸ் தொகுப்புக்கு வர்றேன். அஞ்சு பேரை காப்பாத்த ஓடி வர்ற ட்ராலியை ஒருத்தர் பக்கம் திருப்பலாமான்னு கேக்குற ட்ராலி கேஸ் இருக்கு, ஃபிலிப்பா ஃபூட் 1967ல சொன்னதுலேர்ந்து இன்னைக்கு மீம் வரைக்கும் அடிச்சுத் துவைச்சாச்சு, அதைப் பத்தி இங்க ஒண்ணும் எழுதப் போறதில்ல. பிரெஞ்சு தத்துவவாதி சார்த்தர் சொன்ன மாணவனோட கேஸ் தான் நான் ரொம்ப நேரம் நோண்டினது. 1945ல பாரிஸ்ல பேசினப்ப சார்த்தர் சொன்ன நிகழ்ச்சி: ஒரு மாணவன், அண்ணன் 1940 ஜெர்மன் தாக்குதல்ல செத்துட்டான், அம்மாவுக்கு இவனை விட்டா யாரும் இல்ல, இவனுக்கோ இங்கிலாந்து போயி சுதந்திர பிரான்ஸ் படைல சேரணும்னு துடிப்பு. போனா அம்மா நொறுங்கிடுவாங்க, போகலைன்னா அண்ணனைக் கொன்னவங்களை எதிர்த்து ஒண்ணுமே பண்ணாத ஆளா இருக்கணும். என் ஸ்லைடர்ல ஆப் சொன்ன பதில், அம்மா 61, படை 58, பச்சை டிக், அம்மாகூட இரு.

நான் விசுவாசத்தை ரெண்டே புள்ளி குறைச்சேன். படை ஜெயிச்சிருச்சு. திரும்ப ஒரு புள்ளி ஏத்தினேன், அம்மா. ஒரு மனுஷனோட வாழ்க்கையே திரும்புற முடிவு, என் கட்டைவிரல் நகர்ற நூலளவுல மாறுது. சரி துல்லியம் பத்தல, ஸ்லைடரை ஆயிரம் வரைக்கும் வச்சா சரியாயிடும்னு டெவலப்பர் பதில் போட்டிருக்காரு ஒரு ரிவ்யூக்கு கீழ. அது சரியாகாது, ஏன்னு தத்துவவாதி ஜோசஃப் ராஸ் 1986லயே சொல்லிட்டாரு. ரெண்டு வழியும் எனக்கு சமமா படுதுன்னு வைங்க. நிஜமா சமம்னா, ஒரு பக்கத்துல சின்னதா ஒரு நல்லது சேத்தாலே அந்தப் பக்கம் சாஞ்சுடணும். இப்போ பக்கத்து வீட்டம்மா ஒருத்தங்க "வாரம் ஒருதரம் உங்க அம்மாவை பாத்துக்குறேன்"னு சொல்றாங்க, அதனால படைக்குப் போறது முன்னைக்கு இப்போ கொஞ்சம் தேவலை. அந்தப் பையனோட குழப்பம் தீந்துடுமா? தீராது, முன்ன மாதிரியே தான் முழிச்சுக்கிட்டு நிப்பான். அப்போ முதல்லயே ரெண்டும் சமமாவும் இல்ல, ஒண்ணு இன்னொண்ணை விட பெருசாவும் இல்ல, ஒரே கோட்டுல ரெண்டையும் வைக்கிற அளவே இல்ல. ரூத் சாங்னு இன்னொரு தத்துவவாதி இதுக்கு ஒப்பிடவே முடியாதுன்னு விட்டுடாம, கூட குறைச்சல் சமம் மூணுக்கும் வெளிய நாலாவதா ஒரு உறவு இருக்குன்னு வாதாடுறாங்க, ரெண்டும் ஒரே தரத்துல நிக்குது ஆனா சமம் இல்லன்னு. யார் சொல்றது சரின்னு சண்டை இன்னும் நடக்குது. எது சரியா இருந்தாலும் 61க்கும் 58க்கும் அங்க வேலை இல்ல. சார்த்தர் அந்தப் பையன்கிட்ட என்ன சொன்னாரு, நீ சுதந்திரமானவன், நீயே தேர்ந்தெடுன்னாரு. அது உதவியான பதிலான்னு எனக்கே சந்தேகம் தான், ஆனா அவன் கைல இருக்குற முடிவை பிடுங்கலையே.

வில்லியம்ஸ் கேஸ்ல ஒரு தகவல் பிழையும் இருக்கு. 1973ல ஆங்கிலத் தத்துவவாதி பெர்னார்ட் வில்லியம்ஸ் சொன்னது: ஜிம்னு ஒருத்தன் தென் அமெரிக்க ஊர் ஒண்ணுல போய் மாட்டுறான், இருபது பழங்குடி மக்களை சுட நிக்க வச்சிருக்காங்க, நீ ஒருத்தரை சுட்டா மத்த பத்தொம்பது பேரையும் விட்டுடுறேன்னு கேப்டன் சொல்றான். ஆப்போட குறிப்புல "வில்லியம்ஸ் சுடக்கூடாது என்கிறார்"னு எழுதி இருக்கு. அப்படி இல்லவே இல்ல. சுடுறது தான் அனேகமா சரியா இருக்கும்னு அவரே ஒத்துக்குறாரு. அவரோட எரிச்சலே வேற, அந்த முடிவுக்கு எவ்வளவு சுளுவா வந்து சேர்றீங்க, கூட்டல் கழித்தல் போட்டு ஒரு நொடில, அந்த சுளுவு தான் தப்புன்னாரு. என் கையால ஒருத்தரை கொல்றதுக்கும், இன்னொருத்தன் கொல்றதை நான் தடுக்காம போறதுக்கும் கணக்குல ஒரு வித்தியாசமும் தெரியலைன்னா கணக்குல தான் ஓட்டைன்னாரு. அந்த கேஸை எடுத்துட்டு வந்து அவரு எதை திட்டினாரோ அதையே அதுமேல செஞ்சு, கீழ அவரு பேரையும் தப்பா போட்டிருக்காங்க. இதை ரிப்போர்ட் பண்ணேன், "நன்றி, உங்க கருத்து எங்களுக்கு முக்கியம்"னு பதில் வந்துச்சு, குறிப்பு அப்படியே தான் இருக்கு.

இப்போ என் பெரிய குறைக்கு வர்றேன், அந்த பச்சை டிக். டிக் விழுந்த உடனே தோத்த வழி சாம்பல் கலர்ல மங்கி அதுமேல "நீக்கப்பட்டது"ன்னு ஒரு வரி வருது பாருங்க, அங்க தான் இந்த ஆப்போட தத்துவமே தப்பா போகுதுன்னு நினைக்கிறேன். வில்லியம்ஸே 1965ல இன்னொரு கட்டுரைல ஒரு வித்தியாசத்தை சொல்றாரு. என்கிட்ட ரெண்டு நம்பிக்கை முரண்பட்டு இருக்குன்னு வைங்க, ட்ரெய்ன் அஞ்சு மணிக்குன்னும் நம்புறேன் ஆறு மணிக்குன்னும் நம்புறேன், ஆறு தான் சரின்னு தெரிஞ்சதும் அஞ்சுங்கிற நம்பிக்கை செத்துடும், அதுக்காக யாரும் வருத்தப்பட மாட்டாங்க. ரெண்டு ஆசை மோதுறப்ப அப்படி இல்ல, ஒண்ணை எடுத்தாலும் இன்னொண்ணு உள்ள உக்காந்து அரிச்சுக்கிட்டே இருக்கும். கடமைகள் மோதுறது முதல் வகை மாதிரி இல்ல, ரெண்டாவது வகை மாதிரின்னு சொன்னாரு. அதை சும்மா உணர்ச்சின்னு தள்ளிடக் கூடாது, ஏன்னா அந்த மிச்சத்துலேர்ந்து தான் அடுத்து செய்ய வேண்டிய வேலைங்க பிறக்குது. மகளோட நாடகத்துக்கு வர்றேன்னு வாக்கு குடுத்துட்டுப் போறீங்க, வழில ஒருத்தர் அடிபட்டுக் கிடக்குறாரு, ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போறீங்க. ரொம்ப சரி, யாரும் குறை சொல்ல முடியாது. ஆனா வீட்டுக்கு வந்து அந்தப் பிள்ளைகிட்ட "என்னோட ஸ்கோர் 88, நாடகம் 23"ன்னு சொல்லிட்டுத் தூங்கப் போவீங்களா? மன்னிப்பு கேக்கணும், ஏன் வரலைன்னு சொல்லணும், முடிஞ்சா இன்னொரு நாள் அவ வசனத்தை எல்லாம் உக்காந்து கேக்கணும். வாக்கு தோத்துச்சே தவிர ரத்தாகலை. 1930ல டபிள்யூ.டி. ராஸ்னு ஒரு தத்துவவாதி (மேல வந்த ஜோசஃப் ராஸ் வேற) சொன்னதும் இதையொட்டித் தான், வாக்கு காப்பாத்துறது, நன்றி, தீங்கு செய்யாம இருக்குறதுன்னு பல கடமை இருக்கு, அதுக்குள்ள நிரந்தரமான ரேங்க் லிஸ்ட் கிடையாது, ஒரு சூழ்நிலைல ஒண்ணு மேல வந்தாலும் கீழ போனது கடமையா இல்லாம போயிடாது, பதிலுக்கு ஏதாவது செய்ய வேண்டியது பாக்கி இருக்கும்.

அரசியலுக்கு வந்தா இது ரொம்பப் பெருசாகுது. அமெரிக்க அரசியல் தத்துவவாதி மைக்கேல் வால்சர் 1973ல எழுதின அழுக்குக் கைகள் பத்தின கட்டுரைல ஒரு தலைவர் வர்றாரு, நகரம் முழுக்க வெடிகுண்டு வச்சிருக்காங்க, எங்கன்னு தெரிஞ்சிருக்கக்கூடிய ஒருத்தனை சித்திரவதை செய்யச் சொல்லி உத்தரவு போட வேண்டிய நிலை, சித்திரவதை எப்பவுமே தப்புன்னு நம்புற ஆளு வேற. வால்சர் அங்க கேக்குறது சரியா தப்பான்னு மட்டும் இல்ல, அதைப் பண்ணிட்டு குற்ற உணர்ச்சியே இல்லாம ஒருத்தர் நிம்மதியா இருந்தா அந்த ஆளை நாம பதவில வச்சிருக்கலாமான்னு. ஜெர்மன் சமூகவியல் அறிஞர் மேக்ஸ் வெபர் 1919 ஜனவரில ம்யூனிக்ல மாணவர்கள்கிட்ட பேசினப்பவும் இதே முடிச்சு தான், கொள்கை சுத்தத்தைப் பிடிச்சுக்கிட்டு விளைவை கடவுள்கிட்ட விடுற ஒரு அறம், விளைவுக்கு நானே பொறுப்புன்னு நிக்கிற ஒரு அறம், அரசியலுக்கு வர்றவன் ரெண்டையும் சுமக்கணும்னாரு. ஒரு அமைச்சர் கைல இந்த ஆப்பை குடுத்தா என்ன ஆகும்? பச்சை டிக் வந்துச்சு, நான் சுத்தம்னு போயிட்டே இருப்பாரு. எனக்கு இதுல நிஜமான பயமே இருக்கு, ஏன்னா ஆப் இல்லாமலே நிறைய பேர் மனசுக்குள்ள அந்த டிக்கை போட்டுக்கிட்டு தான் இருக்காங்க.

இதை சரி பண்றது ரொம்ப கஷ்டமும் இல்ல. "நீக்கப்பட்டது"ங்கிற வரிக்கு பதிலா "இந்த வழிய விட்டதால யாருக்கு என்ன பாக்கி?"ன்னு ஒரு பெட்டி குடுத்தா போதும். எழுதி அனுப்பி இருக்கேன், பாப்போம்.

இன்னொண்ணு, ஸ்லைடருக்கு 100 தான் உச்சம். அப்படின்னா எதையும் எதுக்காகவும் விட்டுக்குடுக்கலாம், எதிர்ப்பக்கம் போதுமான அளவு குவிஞ்சா சரி. எல்லா விழுமியமும் அப்படி விலைக்குப் போகாதே. ஜெர்மனில விமானப் பாதுகாப்பு சட்டம்னு ஒண்ணு 2005ல வந்துச்சு, கடத்தப்பட்ட பயணிகள் விமானத்தை ஆயுதமா ஓட்டிட்டு வந்தா பாதுகாப்பு அமைச்சர் சுட்டு வீழ்த்தச் சொல்லலாம்னு. 2006 பிப்ரவரி 15 அன்னைக்கு அந்த நாட்டு அரசியலமைப்பு நீதிமன்றம் அந்தப் பிரிவை செல்லாதுன்னு தள்ளிடுச்சு. கீழ ஆயிரம் பேர் இருக்கலாம், உள்ள இருக்குற அப்பாவிங்க எப்படியும் கொஞ்ச நேரத்துல சாகப்போறவங்களா கூட இருக்கலாம், ஆனாலும் அரசாங்கம் அவங்களை வெறும் பொருளா கணக்கு போட்டு கொல்ல முடியாது, மனித கண்ணியம் எடை போடுற விஷயமே இல்லன்னு தீர்ப்பு. அந்த தீர்ப்பு தப்புன்னு வாதாடலாம், நிறைய பேர் வாதாடுறாங்க. ஆனா இந்த ஆப்ல அந்த நிலைப்பாட்டை எடுக்கவே வழி இல்ல, கண்ணியத்தை 100ல வச்சாலும் ஆயிரம் உயிர் மறுபக்கம் ஏறினதும் அடிச்சிட்டுப் போயிடுது. அமெரிக்கத் தத்துவவாதி ராபர்ட் நோசிக் 1974ல உரிமைங்கிறது சேர்க்க வேண்டிய இலக்கு இல்ல, தாண்டக்கூடாத வேலின்னாரு. இன்னொரு அமெரிக்கத் தத்துவவாதி ஜான் ரால்ஸ் 1971லயே அடிப்படை சுதந்திரம் முதல்ல முழுசா கிடைக்கட்டும், அதுக்கப்புறம் தான் பொருளாதார சமத்துவக் கணக்குன்னு வரிசை போட்டுட்டாரு, வருமானம் கூடுதுன்னு சொல்லி ஓட்டுரிமையை குறைக்க முடியாது அவரோட ஏற்பாட்டுல. ரால்ஸும் நோசிக்கும் மத்த பல விஷயத்துல ஒத்துப் போகல, இதுல ரெண்டு பேருமே ஸ்லைடருக்கு எதிரி. நம்ம குறள்லயும் இருக்கு, பெத்த தாய் பசில கிடக்குறதைப் பாக்குற நிலை வந்தாலும் சான்றோர் பழிக்கிற காரியத்தை செய்யாதேன்னு 656ல. அது ஒரு பூட்டு. ஒரு பூட்டு ஐகான் வைங்கப்பான்னு கேட்டா "யூசர் அனுபவம் சிக்கலாகும்"னு பதில்.

அதுக்காக பூட்டு எல்லாத்துக்கும் போட்டுடலாம்னும் நான் சொல்லல, அதுக்கு அவங்களே வச்சிருக்குற ஒரு கேஸ் நல்ல உதாரணம். கொலைகாரன் கதவைத் தட்டி, உன் நண்பன் உள்ள இருக்கானான்னு கேக்குறான். 1797ல ஜெர்மன் தத்துவவாதி காண்ட், பெஞ்சமின் கான்ஸ்டன்ட்டுக்கு பதிலா எழுதினப்ப அப்பக்கூட பொய் சொல்லக் கூடாதுன்னு நின்னாரு. ஆப் 91 போட்டு பொய் சொல்லச் சொல்லுது, இந்த ஒரு எடத்துல ஆப்போட நான் முழுசா ஒத்துப் போறேன், குத்தமில்லாத நன்மை கிடைக்கும்னா பொய்யும் உண்மையோட எடத்துல நிக்கும்னு குறள் 292லயே சொல்லிட்டுப் போயாச்சு. ஆனா பாருங்க, அந்தக் குறள் கூட்டல் போடல, இதுக்கு மட்டும் தான்னு ஒரு நிபந்தனை வைக்குது. வாய்மையை எதுக்காக மதிக்கிறோமோ அது தீங்கு இல்லாம இருக்குறது தான்னா, இங்க மோதலே இல்லாம போயிடுது.

இதை வச்சு ஒரு பெரிய கட்சியே இருக்கு. சட்டத் தத்துவவாதி ரொனால்ட் ட்வார்கின் 2011ல எழுதினது, விழுமியங்களை சரியா புரிஞ்சுக்கிட்டா அதுங்க ஒண்ணோட ஒண்ணு மோதாது, மோதுற மாதிரி தெரிஞ்சா நீ இன்னும் சரியா புரிஞ்சுக்கலன்னு அர்த்தம்னு. அடுத்தவனைக் கொல்ல எனக்கு சுதந்திரம் இல்லன்னு சட்டம் சொன்னா என் சுதந்திரம் எதுவும் குறையல, ஏன்னா அது சுதந்திரம்ங்கிற கணக்குலயே வராதுன்னு. கேக்க அழகா இருக்கு, சில கேஸ்ல உண்மையாவும் இருக்கு, மேல சொன்ன அந்த "எந்த அர்த்தத்துல சொல்றீங்க" பக்கத்துல எழுதிக்கிட்டே இருக்குறப்ப பாதி சிக்கல் தானா அவிழ்றதை நானே பாத்தேன். ஆனா நான் பெர்லின் பக்கம் தான். ஓநாய்க்கு முழு சுதந்திரம்னா ஆட்டுக்குட்டிக்கு சாவுன்னு அவரு சொன்னப்ப, ஓநாய்க்கும் ஏதோ ஒரு இழப்பு இருக்குன்னாவது ஒத்துக்கிட்டாரு. ட்வார்கின் வழில போனா சொத்து வரி கட்டுறவன் எதையுமே இழக்கல, தடுப்பூசி கட்டாயம்னா யாரோட எதுவும் குறையலன்னு சொல்ல வேண்டி வரும். குறையுது, அப்படியும் அது சரியா இருக்கலாம்னு சொல்றது தான் எதிராளிக்கு நாம குடுக்குற குறைஞ்சபட்ச மரியாதை. (ஆப்போட ஆடியோ பாடத்துல பெர்லினை "அவரவர்க்கு அவரவர் நியாயம்"னு சொன்னவரா ஆக்கி வச்சிருக்காங்க, அதை அவரு வெளிப்படையா மறுத்திருக்காரு, விழுமியம் பல, ஆனா மனுஷங்க மனுஷங்களா புரிஞ்சுக்கக்கூடிய எல்லைக்குள்ள தான்னு. ஆடியோ பாடமே மொத்தமா தேறல, குரல் மட்டும் நல்லா இருக்கு.)

கடைசியா சந்தா கட்டுனா தான் திறக்குற குழு மோட். ஒரு அமைப்பு, ஒரு சங்கம், ஒரு வகுப்பு, எல்லாரும் தனித்தனியா ஸ்லைடரை தள்ளினா ஆப் சராசரி எடுத்து "உங்கள் குழுவின் முடிவு"ன்னு சொல்லும். இதை தான் பெருசா விளம்பரம் பண்றாங்க, இதுல தான் எனக்கு ரொம்ப ஏமாத்தம். பிரெஞ்சு கணித அறிஞர் கோந்தோர்சே 1785லயே காட்டிட்டாரு, மூணு பேர் மூணு விதமா வரிசைப்படுத்தினா பெரும்பான்மை வட்டமா சுத்தக்கூடும்னு. அதையே போட்டுப் பாத்தேன்: ஒருத்தருக்கு சுதந்திரம், சமத்துவம், பாதுகாப்பு, இந்த வரிசை. அடுத்தவருக்கு சமத்துவம், பாதுகாப்பு, சுதந்திரம். மூணாமவருக்கு பாதுகாப்பு, சுதந்திரம், சமத்துவம். ஜோடி ஜோடியா ஓட்டுப் போட்டா சுதந்திரம் சமத்துவத்தை ஜெயிக்கும், சமத்துவம் பாதுகாப்பை ஜெயிக்கும், பாதுகாப்பு சுதந்திரத்தை ஜெயிக்கும், எல்லாமே ரெண்டுக்கு ஒண்ணு. பொருளாதார அறிஞர் கென்னத் ஆரோ 1951ல இதை இன்னும் பெருசாக்கி, மூணோ அதுக்கு மேலயோ தேர்வு இருக்குறப்ப, ஆளுங்களோட வரிசைகளை வச்சு குழுவுக்கு ஒரு வரிசை போடுற எந்த முறையும் நாம நியாயம்னு நினைக்கிற நாலஞ்சு சாதாரண நிபந்தனையை சேத்து நிறைவேத்தாதுன்னு நிரூபிச்சாரு.

வரிசைக்கு பதிலா மார்க் போட்டா தப்பிச்சிடலாமேன்னு கேப்பீங்க, ஆப்காரங்களும் அதைத் தான் நம்புறாங்க. அப்படின்னா உங்க 70ம் என் 70ம் ஒரே அளவுன்னு யாரு சொன்னது? நான் எதுக்கும் 60க்கு மேல தள்ளாத ஆளு, எங்க குழுவுல ஒருத்தர் தனக்குப் பிடிச்சதை 95லயும் மத்ததை எல்லாம் அடிமட்டத்துலயும் வச்சாரு, விளைவு, முடிவு எல்லாம் அவரோடது. சென் 1970ல சொன்ன முரணையும் போட்டுப் பாத்தேன். ஒரு புத்தகம், ரெண்டு பேர். ஒழுக்கவாதிக்கு யாருமே படிக்காம இருந்தா நல்லது, இல்லாட்டி தானே படிச்சு சகிச்சுக்கலாம், இன்னொருத்தன் படிச்சு ரசிக்கிறது தான் ரொம்ப மோசம். ரசிகனுக்கு அந்த ஒழுக்கவாதியை படிக்க வைக்கிறதுல தான் முதல் சந்தோஷம், அடுத்தது தான் படிக்கிறது, யாருமே படிக்காம இருக்குறது கடைசி. அவரவர் படிக்கிறது அவரவர் இஷ்டம்னு விட்டா ஒழுக்கவாதி படிக்க மாட்டாரு, ரசிகன் படிப்பான். ஆனா ரசிகன் படிக்கிறதை விட ஒழுக்கவாதி படிக்கிறது மேல்னு ரெண்டு பேருமே சொல்றாங்களே! தனிமனுஷ உரிமையும் எல்லாரும் ஒருமனதா விரும்புறதும் ஒரே எடத்துல மோதுது, ரெண்டுமே ஜனநாயகத்துல நாம சாதாரணமா சேத்து சொல்ற விஷயங்க. எனக்கு உரிமை தான் நிக்கணும், அடுத்தவன் என்ன படிக்கணும்ங்கிற ஆசைக்கெல்லாம் ஓட்டு குடுக்க வேண்டாம்னு தோணுது, வேற ஆளு வேற மாதிரி சொல்லலாம், சண்டை போட்டு முடிவு பண்ண வேண்டிய விஷயம். ஆப் என்ன பண்ணுச்சுன்னா சராசரி எடுத்து ஒழுக்கவாதியை படிக்கச் சொல்லிட்டு போயிடுச்சு, அவரோட உரிமை மிதிபட்டுச்சுன்னு ஒரு எச்சரிக்கை கூட இல்ல.

அந்த மூணு பேர் வட்டத்துக்கு என்ன பதில் வந்துச்சுன்னு சொல்லாம விட்டுட்டேனே. மூணும் அச்சு அசலா ஒரே சராசரி. அப்போ "முடிவு இல்லை, பேசுங்கள்"னு தானே வரணும்? சமத்துவத்துக்கு பச்சை டிக். ஏன்னு பல தடவை மாத்தி மாத்திப் போட்டுப் பாத்ததுல புரிஞ்சது, சமநிலை வந்தா அகர வரிசைல முதல்ல வர்றதை எடுத்துக்குது. இதை சரி பண்ற வரைக்கும் உங்க சங்கத்துத் தீர்மானத்துக்கெல்லாம் குழு மோடை நம்பாதீங்க. இலவசத்துல அந்தக் கேள்விப் பக்கமும் கேஸ் தொகுப்பும் கிடைக்குது, அதுவரைக்கும் போதும், செட்டிங்ஸ்ல போய் "மதிப்பெண்ணை மறை"ன்னு இருக்குறதை ஆன் பண்ணிக்குங்க. இல்ல, எப்படியாவது உங்க கட்சி ஜெயிக்கணும்னா விழுமியத்தோட பேரை எடிட் பண்ற வசதி இருக்கு, முன்னாடி ஒரு "அ" சேத்து விட்டுடுங்க.